ஓடாநிலை, சங்ககிரி, ஈரோடு: ஒருநாள் சுற்றுலா அழைத்துப் போகிறவர்கள் செய்யும் தவறுகள்

போன மாதம் சங்ககிரி மலையடிவாரத்தில் டீ குடித்துக்கொண்டிருந்தபோது ஒரு வேன் வந்து நின்றது. மணி பன்னிரண்டே முக்கால். இறங்கியவர்களில் பாதிப் பேர் அறுபதைத் தாண்டியவர்கள். கழுத்தில் அட்டை மாட்டிய ஓர் இளைஞர், "எல்லாரும் தண்ணி பாட்டில் எடுத்துக்குங்க, ஏறி இறங்க ஒரு மணி நேரந்தானுங்க" என்றார், அத்தனை உற்சாகமாக. எனக்கு டீ இறங்கவில்லை. பன்னிரண்டு வருடங்களுக்கு முன் அதே இடத்தில், அதே நேரத்தில், அதே பொய்யை நானும் சொல்லியிருக்கிறேன்.

ஈரோட்டை நடுவில் வைத்து, தீரன் சின்னமலை கும்பினிப் படையோடு, அதாவது கிழக்கிந்தியக் கம்பெனியின் படையோடு, மோதிய ஓடாநிலை, அவரைத் தூக்கிலிட்ட சங்ககிரி, போகிற வழியில் பவானி என்று ஒரே நாளில் சுற்றிக் காட்டும் வேலை இப்போது நிறையப் பேர் செய்கிறார்கள். நல்லதுதான். ஆனால் எல்லோரும் நான் விழுந்த குழியிலேயே வரிசையாக விழுகிறார்கள். தொப்பி, மாத்திரை, முதலுதவிப் பெட்டி பற்றியெல்லாம் இங்கே பேசப்போவதில்லை. அதுகூடத் தெரியாதவர் இந்தத் தொழிலுக்கு வரவேண்டாம்.

சங்ககிரியைக் கடைசியில் வைப்பது

கதை அங்கேதான் முடிகிறது, அதனால் பயணமும் அங்கேயே முடியட்டும் என்று தோன்றும். பிறப்பு, வரிப் பணம், மூன்று போர்கள், கடைசியில் தூக்குமேடை. கேட்க நன்றாக இருக்கிறது. கால்கள் ஒத்துழைக்காது. சங்ககிரிக் கோட்டை மலை முழுக்கப் பரவிக் கிடக்கிறது. மதிலுக்கு மேல் மதில், வாசலுக்கு மேல் வாசல். விஜயநகரக் காலத்தில் எழுந்து, மைசூர்க்காரர்கள் கைக்குப் போய், பிறகு கும்பினியார் கைக்கு வந்த கோட்டை. வெயில் ஏறிய பிறகு அந்தப் பாறை தோசைக்கல். மேலே கடை கண்ணி கிடையாது. நிதானமாக ஏறி, நின்று பார்த்து, இறங்க மூன்று மணி நேரம் வேண்டும்.

நான் இப்போது காலை ஆறரைக்கெல்லாம் அடிவாரத்தில் இருப்பேன். அங்கிருந்து குமாரபாளையம் வழியாகப் பவானி, பிறகு ஈரோட்டில் மதியச் சாப்பாடு, சாயங்காலம் ஓடாநிலை. கதையை முடிவிலிருந்து பின்னோக்கிச் சொல்கிறேன். 1805இல் ஒரு மனிதனையும் அவன் தம்பிகளையும் இந்த மலைமேல் கொண்டுவந்து ஏன் தூக்கிலிட்டார்கள் என்று காலையில் கேட்டுவிட்டால், அந்தக் கேள்வி நாள் முழுக்க வேனிலேயே உட்கார்ந்திருக்கும். ஏற முடியாதவர்கள் முதல் வாசலோடு நின்றுகொள்ளட்டும். அவர்களோடு பேச ஓர் ஆளை விட்டுவிட்டு ஏறுங்கள். தனியாக உட்கார வைக்காதீர்கள்.

ஆடிப் பதினெட்டில் போவது

இதைப் பற்றித்தான் எழுத உட்கார்ந்தேன்.

அந்த இளைஞரிடம் பேச்சுக் கொடுத்தேன். நல்ல பையன். வந்த கூட்டத்தை வெயிலில் ஏற்ற வேண்டாம் என்று சொன்னதைக் கேட்டுக்கொண்டு, எல்லோருக்கும் மோர் வாங்கிக் கொடுத்தார். அப்புறம் சந்தோஷமாகச் சொன்னார்: "அண்ணா, ஆடிப் பதினெட்டுக்கு ஸ்பெஷல் ட்ரிப் போட்டிருக்கேன். இப்பவே அம்பது பேர் பணம் கட்டிட்டாங்க."

எனக்கு வந்த கோபம் அவர் மேல் இல்லை.

ஏன் அந்த நாளைத் தேர்ந்தெடுக்கிறார்கள் என்று புரிகிறது. சின்னமலையைத் தூக்கிலிட்டது ஆடிப் பதினெட்டு அன்று. நினைவு நாளிலேயே நினைவிடத்துக்குப் போவதைவிடப் பொருத்தம் என்ன இருக்கிறது? சுவரொட்டியும் தானாகவே எழுதிக்கொள்ளும். ஆனால் அதே நாள் ஆடிப்பெருக்கு. காவிரிக் கரையில் இருக்கிற சனம் முழுவதும் அன்று ஆற்றுக்குத்தான் வரும். காதோலை கருகமணி, முளைப்பாரி, தாலிக்கயிறு மாற்றும் புதுப் பெண்கள், சித்ரான்ன டப்பாவோடு குடும்பம் குடும்பமாக. காவிரியும் பவானியாறும் சேரும் பவானிக் கூடுதுறை அன்று திருவிழாக் கடல். இந்தப் பக்கம் கூடுதுறை, அந்தப் பக்கம் ஓடாநிலையில் அரசு விழா. இரண்டுக்கும் நடுவில் உங்கள் வேன்.

எனக்கு இது தெரியாமல் இல்லை. எட்டு வருடங்களுக்கு முன், எங்கள் டிரைவர் அண்ணன் சாவியை வாங்கும்போதே, "தம்பி, அன்னைக்கு வேண்டாமுங்க. ஒரு வாரம் தள்ளிப் போடுங்க" என்றார். நான் கேட்கவில்லை. கோவையிலிருந்து ஓய்வுபெற்ற அலுவலர்கள் 32 பேர், இரண்டு வேன். "அன்னைக்குப் போறதுதானுங்கண்ணா மரியாதை" என்று அவருக்கே பாடம் எடுத்தேன்.

பவானிக்குள் நுழைவதற்கு முன்பே வண்டிகளைத் திருப்பிவிட்டார்கள். எங்கோ நிறுத்தி, நடந்து, கூட்டத்தில் நசுங்கி, கோயில் வாசலைத் தொட்டுவிட்டுத் திரும்பி வண்டியைக் கண்டுபிடிக்கவே பதினொன்றே முக்கால். சங்ககிரியை விட்டுவிட்டோம். ஓடாநிலைக்கு இரண்டு கிலோமீட்டர் முன்னாலேயே வேனை ஓரங்கட்டச் சொன்னார்கள், முக்கியப் பிரமுகர்கள் வருகிறார்களாம். எழுபது வயது அம்மா ஒருவர் வேப்பமர நிழலில் உட்கார்ந்துவிட்டார். "நீங்க போய்ட்டு வாங்க கண்ணு, நான் இங்கயே இருக்கேன்" என்றார். மற்றவர்கள் நடந்து போனால், மணிமண்டபத்துக்கு முன்னால் மாலை போட அமைப்பு அமைப்பாக வரிசை. சிலையை மாலைகள் மூடிவிட்டன. மண்டபத்தைப் பந்தல் மூடிவிட்டது. நான் ஒத்திகை பார்த்து வைத்திருந்த முக்கால் மணி நேரப் பேச்சை நாலா பக்கமும் கட்டியிருந்த ஒலிபெருக்கி மூடிவிட்டது. ஒரு வார்த்தை பேச முடியவில்லை. சாப்பாட்டுக்கு உட்காரும்போது மணி நான்கு. அரிசிம்பருப்பு பரவாயில்லை, தயிர்சாதம் புளித்துவிட்டது.

திரும்பும் வழியில் ஒரு பெரியவர், கோபமே இல்லாமல், "தம்பி, நாங்க சின்னமலையைப் பாக்க வந்தோம். பந்தலைத்தான் பாத்தோம்" என்றார். பாதிப் பணத்தைத் திருப்பிக் கொடுத்தேன். டிரைவர்களுக்குக் கூடுதல் நேரப் படி, வீணான சாப்பாடு எல்லாம் சேர்த்துக் கையை விட்டு 14 ஆயிரம். அந்த மாத வீட்டு வாடகையைக் கடன் வாங்கிக் கட்டினேன். டிரைவர் அண்ணன் ஒரு வார்த்தை சொல்லவில்லை. சொல்லியிருந்தால் தேவலை என்று இன்றைக்கும் தோன்றுகிறது.

இத்தனைக்கும் நினைவு நாளில் போவது தவறு என்று நான் சொல்லவில்லை. நானே வருடா வருடம் போகிறேன். பைக்கில், தனியாக, விடியற்காலையில். அது என் சொந்தக் கணக்கு. பணம் கட்டி வந்தவர்கள் கேட்பது வேறு: நின்று பார்க்க இடம், கேட்க அமைதி, உட்கார நிழல். இதில் ஒன்றையும் அன்றைக்கு உங்களால் தர முடியாது. மேட்டூரில் தண்ணீர் நிறைந்து உபரி நீரைத் திறந்துவிட்டால் கூடுதுறையில் குளிக்கவும் தடை போட்டுவிடுவார்கள். அந்த ஏமாற்றத்துக்கும் நீங்கள்தான் பதில் சொல்ல வேண்டும்.

இன்னொரு வம்பும் உண்டு. வண்டியில் யாராவது ஒருவர் கைப்பேசியைப் பார்த்துக்கொண்டே, "தூக்கிலிட்டது ஜூலை 31னு போட்டிருக்கு. நீங்க ஆகஸ்ட் 3ல கூட்டிட்டு வந்திருக்கீங்க" என்பார். முதல் முறை நான் திருதிருவென்று விழித்தேன். இரண்டும் சரிதான். 1805இல் ஆடிப் பதினெட்டு ஜூலை 31இல் வந்தது. நம் பஞ்சாங்க வருடம் ஆங்கில வருடத்தைவிடக் கொஞ்சம் நீளம். ஏறத்தாழ அறுபது ஆண்டுக்கு ஒரு நாள் தள்ளிக்கொண்டே போகும். இருநூற்றுச் சொச்சம் ஆண்டில் மூன்று நாள் நகர்ந்துவிட்டது, அவ்வளவுதான். இதைத் தெரிந்து வைத்திருந்தால் வம்பாக வந்த கேள்வி நல்ல பத்து நிமிடமாகிவிடும்.

அந்த இளைஞரிடம் இதையெல்லாம் சொன்னேன். "பணம் வாங்கிட்டேனுங்களே" என்றார். தேதியை மாற்றுங்கள், மறுப்பவர்களுக்குத் திருப்பிக் கொடுங்கள், இப்போது வலிப்பது அன்றைக்கு வலிக்கப்போவதில் கால்வாசி என்றேன். கார்த்திகை, மார்கழியில் வைத்தால் சங்ககிரிப் பாறையும் குளிர்ந்திருக்கும். ஏப்ரல் 17 பிறந்த நாளும் வேண்டாம். அன்றும் மாலை வரிசை உண்டு, கூடவே சித்திரை வெயில்.

ஓடாநிலைக் கோட்டையைக் காட்டுகிறேன் என்று எழுதுவது

கோட்டை இல்லை. கும்பினிப் படை பீரங்கி கொண்டுவந்து அதைத் தரைமட்டமாக்கிவிட்டது. இருப்பது நினைவு மண்டபமும் சிலையும்தான். "கோட்டை எங்கீங்க?" என்ற கேள்விக்கு வெறும் நிலத்தைக் காட்டி நிற்க வேண்டாம் என்றால், முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். ஒன்றுமில்லாத இடத்தைப் பார்க்கத்தான் வருகிறோம் என்று தெரிந்தவர்கள் கூர்ந்து பார்க்கிறார்கள்.

சொல்வழக்கையும் சான்றையும் கலந்து கட்டுவது

மைசூருக்குப் போன வரிப் பணத்தைப் பிடுங்கிக்கொண்டு, "சென்னிமலைக்கும் சிவன்மலைக்கும் நடுவில் இருக்கும் ஒரு சின்னமலை பறித்துக்கொண்டதாகப் போய்ச் சொல்" என்றது, செருப்புக்குள் ஓலை வைத்துச் சேதி அனுப்பியது, சமையல்காரன் காட்டிக்கொடுத்தது. இவற்றைச் சொல்லாவிட்டால் கொங்கு நாட்டில் வேனை விட்டு இறக்கிவிடுவார்கள். சொல்லுங்கள். ஆனால் "என்று சொல்வார்கள்" என்ற இரண்டு சொல்லைச் சேர்த்துக்கொள்ளுங்கள். 1801இல் காவிரிக் கரை, 1802இல் ஓடாநிலை, 1804இல் அறச்சலூர் என்று போர்களைச் சொல்லும்போது அந்த இரண்டு சொல்லை எடுத்துவிடுங்கள். கேட்பவர்களுக்கு வித்தியாசம் உடனே தெரியும்.

பவானியைக் குளியலோடு முடிப்பது

பவானியையும் சின்னமலையையும் இரண்டு தனி ஊர்வலமாக நடத்துகிறார்கள். கோயிலில் பக்தி, ஓடாநிலையில் வீரம். சங்கமேசுவரர் கோயிலில் வேதநாயகி அம்மனுக்குக் கலெக்டர் வில்லியம் கேரோ கொடுத்த தந்தக் கட்டில் இருக்கிறது. மழை இரவில் ஒரு சிறுமி வந்து அவரை வெளியே அழைத்துப் போனாள், அவர் தங்கியிருந்த வீடு இடிந்து விழுந்தது, வந்தது அம்மன்தான் என்று நம்பிக் கொடுத்தார் என்பது கதை. வெளியிலிருந்தே அம்மனைப் பார்க்க அவருக்காக மதிலில் இட்ட துளைகளையும் காட்டுவார்கள். கட்டிலில் உள்ள தேதி 11-1-1804.

தேதியைக் கவனியுங்கள். அறச்சலூரில் சின்னமலை கும்பினிப் படையோடு மோதிய அதே வருடம். ஒரு பகல் தூரத்துக்குள் ஒரு கும்பினி அதிகாரி அம்மனுக்குக் கட்டில் செய்து கொடுக்கிறார், இன்னொரு கும்பினி அதிகாரி பீரங்கிக்கு மாடு பூட்டுகிறார். இதை எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை, நாலைந்து ட்ரிப்புக்கு அப்புறம்தான் உறைத்தது. இப்போது என் சுற்றுலாவில் ஆட்கள் அதிகம் கேள்வி கேட்பது இந்த இடத்தில்தான்.

பவானிக்கு மதியம் போவது

நடை சாத்தியிருக்கும்.

ஈரோட்டைச் சோற்றுக்கு மட்டும் நிறுத்துவது

பெரியார் வாழ்ந்த வீடு நினைவகமாக இருக்கிறது. கணித மேதை ராமானுஜன் 1887இல் பிறந்தது இந்த ஊரில். கோட்டை என்று இன்றும் பேர் சொல்லும் பகுதியில் கோட்டை இல்லை, ஈசுவரனும் கஸ்தூரி அரங்கநாதரும் இருக்கிறார்கள். காலையில் கோட்டையைப் பார்த்தவர்கள், சாயங்காலம் இடித்த கோட்டைக்குப் போகிறவர்கள், நடுவில் பேராக மட்டும் மிஞ்சிய ஒரு கோட்டையில் அரை மணி நேரம் நடக்கட்டும்.

வேனில் சாதிப் பேச்சை வளரவிடுவது

மைக்கை அணைத்துவிட்டு டீக்கு நிறுத்துங்கள்.

பவானி ஜமக்காளக் கடைக்குப் பதினைந்து நிமிடம் ஒதுக்குவது

ஒரு மணி நேரம் போடுங்கள். வேனின் பின்சீட்டையும் காலியாக வையுங்கள்.