ஸ்டார்ட்யூ வேலியில் தங்க நட்சத்திரம் தண்ணீரில் வருவதில்லை

"மாமா, தினம் ரெண்டு வேளை தண்ணி விட்டேன். ஒண்ணுல கூட தங்க நட்சத்திரம் வரலை" என்று அக்கா மகன் டேப்லெட்டை என் முகத்துக்கு நேரே நீட்டினான். திரையில் பதினைந்து பார்ஸ்னிப், கேரட் மாதிரியான ஒரு கிழங்கு. விளையாட்டு தொடங்கும்போது இலவசமாகத் தருகிற அதே பதினைந்து விதை. வரிசையாக நட்டு, காலையில் ஒரு தரம், தூங்கப் போகுமுன் ஒரு தரம் எனத் தண்ணீர் ஊற்றியிருக்கிறான். இரண்டாவது தரம் ஊற்றியது அத்தனையும் விழலுக்கு இறைத்த நீர்.

எரிக் பரோன் என்ற ஒரே ஆள் தனியாக உருவாக்கி 2016 பிப்ரவரியில் வெளியிட்ட விவசாய விளையாட்டு ஸ்டார்ட்யூ வேலி. பார்க்கச் சாதுவாக இருக்கும், ஆனால் உள்ளே ஓடுகிற கணக்கு கறாரானது. அந்தக் கணக்கைப் பார்க்காமல், நிஜத் தோட்டத்தில் பழகிய நம்பிக்கையை அப்படியே இங்கே கொண்டுவருவதால்தான் பாதித் தவறுகள் நடக்கின்றன.

தண்ணீரின் வேலை ஒன்றே ஒன்று: பயிரை ஒரு நாள் வளர்த்துவிடுவது. வயல் முழுக்கச் சதுரக் கட்டங்கள்; ஒரு கட்டத்து மண்ணில் ஒருமுறை ஈரம் பட்டால் அன்றைய பாடு முடிந்தது. விடாமல் போனால் பயிர் சாகாது, அன்று வளராது, அவ்வளவுதான். நட்சத்திரம் காட்டுவது விளைச்சலின் தரத்தை. அந்தத் தரத்துக்கும் தண்ணீருக்கும் சம்பந்தமே இல்லை. வெள்ளியா தங்கமா என்பது அறுவடை செய்கிற அந்த நொடியில் முடிவாகிறது. அதற்கு விளையாட்டு பார்ப்பது இரண்டைத்தான்: உங்கள் விவசாய லெவல் (பயிர் செய்யச் செய்ய ஏறுகிற திறமை எண்), அந்தக் கட்டத்து மண்ணில் கிடக்கும் உரம்.

லெவல் பூஜ்யமாக இருந்து உரமும் இல்லையென்றால், தங்கம் கிடைக்க நூற்றில் ஒரு வாய்ப்புதான். லெவல் 10 ஆகும்போது உரமில்லாமலே 21. அதே லெவல் 10-இல் குவாலிட்டி உரம் என்ற உயர்ரக உரம் போட்டிருந்தால் 61. பையனுடைய பதினைந்து பார்ஸ்னிப்பில் ஒன்றுகூடத் தேறாததில் ஆச்சரியப்பட என்ன இருக்கிறது?

அறுவடை நேரத்தில் முடிவாகிறது என்பதால் ஒரு சின்னத் தந்திரமும் உண்டு. ஃபார்மர்ஸ் லன்ச் என்ற சாப்பாடு, ஆம்லெட்டும் பார்ஸ்னிப்பும் சேர்த்துச் செய்வது, கொஞ்ச நேரத்துக்கு விவசாய லெவலை மூன்று கூட்டிக் காட்டும். லெவல் 5-இல் குவாலிட்டி உரம் போட்ட வயலில் தங்க வாய்ப்பு சுமார் 34. சாப்பிட்டுவிட்டு அறுத்தால் 50. நடும்போது சாப்பிட்டுப் பயனில்லை. அறுக்கப் போகும்போது சாப்பிட வேண்டும். பலர் இதை உடம்புத் தெம்புக்கான உணவு என்று நினைத்துச் சுரங்கத்துக்குள் இறங்கித் தின்றுவிடுகிறார்கள்.

உரத்தைக் கண்ட இடத்தில் போடுவது

அடுத்த தவறு இதற்கு நேர் எதிர். உரம்தான் தரம் தருகிறது என்று தெரிந்ததும் எல்லாக் கட்டத்திலும் கொட்டுவது. இரண்டாம் ஆண்டிலிருந்து, பியர் என்பவர் ஊரில் நடத்தும் கடையில் குவாலிட்டி உரம் 150 ஜி (விளையாட்டில் பணத்தின் பெயர் அதுதான்). பார்ஸ்னிப்பின் விலை 35. தங்கத் தரம் ஒன்றரை மடங்கு விலை என்பதால் 52. கூடுதல் வரவு 17. வசந்தத்தின் 28 நாளில், அறுத்த அன்றே மறுபடி நட்டாலும் பார்ஸ்னிப் ஆறு அறுவடைதான் தரும். ஆறும் தங்கமாகவே வந்தாலும் 102 ஜி. 150 போட்டு 102 எடுப்பதற்குப் பெயர் விவசாயம் இல்லை.

இலையுதிர்காலப் பூசணியில் இதே உரம் வேறு கதை. பூசணி 320, தங்கமானால் 480. ஒரு காயிலேயே 160 கூடுகிறது. முதல் நாளே நட்டால் இரண்டு அறுவடை. கோடையில் முலாம்பழமும் இந்த ரகம்தான்: 250-க்குப் போவது 375 ஆகும். விலை உயர்ந்த, ஒரு செடிக்கு ஒரே காய் தருகிற பயிர்தான் உரத்துக்கு ஏற்ற இடம்.

ஒரு காய் என்று சொன்னதற்குக் காரணம் இருக்கிறது. புளூபெர்ரியைப் பறித்தால் ஒரு செடியில் மூன்று வரும். அதில் முதல் பழத்துக்கு மட்டும்தான் தரம் பார்க்கப்படுகிறது. கூட வருகிற இரண்டும் எப்போதும் சாதாரணம்தான், நீங்கள் லெவல் 10-இல் என்ன உரம் போட்டாலும். கிரான்பெர்ரியிலும் அப்படியே, உருளைக்கிழங்கில் அதிர்ஷ்டத்துக்கு வருகிற கூடுதல் கிழங்கிலும் அப்படியே. மூன்று பழத்தில் ஒன்று 50-லிருந்து 75 ஆவதற்காக வயல் முழுக்க உரம் வாங்கிப் போட்டவன் நான். கோடை முடிந்து கணக்குப் பார்த்தபோதுதான் உறைத்தது.

வளர்ச்சியை வேகப்படுத்தும் ஸ்பீடு-க்ரோ உரத்திலும் புளூபெர்ரிதான் ஏமாற்றும். அந்த உரம் முதல் முறை காய்க்கும் வரைதான் நாளைக் குறைக்கும். அதன் பிறகு நாலு நாளுக்கு ஒருமுறை என்கிற தவணை மாறவே மாறாது. வாங்குவதற்கு முன் கேட்க வேண்டிய கேள்வி ஒன்றுதான்: இதனால் இந்தப் பருவத்துக்குள் இன்னொரு அறுவடை கூடுமா? காலிஃப்ளவர் 12 நாள் பயிர். 1-ஆம் தேதி நட்டால் 13, 25 என இரண்டு முறை. சாதாரண ஸ்பீடு-க்ரோவில் ஓரிரு நாள் குறைந்தாலும் மூன்றாவது வராது. அப்புறம் எதற்குக் காசைக் கொட்ட வேண்டும்? இன்னொன்று, ஒரு கட்டத்தில் ஒரு உரம்தான் போட முடியும். தரமும் வேண்டும் வேகமும் வேண்டும் என்று இரண்டையும் சேர்க்க முடியாது.

பயிரில் தங்கத்துக்கும் மேலான இரிடியம் தரம் பற்றிக் கேட்பவர்களுக்கு: அது டீலக்ஸ் உரத்தில் மட்டும்தான். விளையாட்டின் பிற்பகுதியில் வருகிற ஜிஞ்சர் தீவை எட்டிய பிறகு கிடைக்கும் சமாச்சாரம். முதல் வருடத்தில் அதைத் தேடி அலைய வேண்டாம்.

நாள் எண்ணாமல் நடுவது

என் பெரிய நஷ்டம் இதில்தான். முதல் வருடம், இலையுதிர்காலம் 14-ஆம் தேதி முப்பது பூசணி நட்டேன். 13 நாள் பயிர். 27-இல் கைக்கு வர வேண்டும், ஒரு நாள் மிச்சம் வேறு. தெம்பாக இருந்தேன். 16-ஆம் தேதி காலை எழுந்ததும், வயலுக்குத் தண்ணீர் விடாமலே, பூவாளியைத் தூக்கிக்கொண்டு போய்க் கொல்லன் பட்டறையில் மேம்படுத்தக் கொடுத்துவிட்டேன். அவர் இரண்டு நாள் வைத்துக்கொள்வார். 16 போயிற்று, 17 போயிற்று, 18-இல் பளபளவென்று பூவாளி வந்தது. 27 என்பது 29 ஆனது. ஒரு பருவத்தில் 29-ஆம் தேதியே கிடையாது. 28 இரவு முற்றுவதற்கு ஒரு நாள் பாக்கி நின்ற செடிகள், குளிர்காலம் முதல் நாள் காலை முப்பதும் காய்ந்து கறுத்துக் கிடந்தன. 9,600 ஜி.

செய்திருக்க வேண்டியது சுலபம். காலையில் தண்ணீர் விட்டு முடித்துவிட்டுக் கொடுத்திருந்தால் ஒரு நாள்தான் நஷ்டம், பூசணி 28-இல் வந்திருக்கும். டிவியில் வானிலை பார்த்து, மறுநாள் மழை என்று சொன்ன அன்று கொடுத்திருந்தால் நஷ்டமே இல்லை.

பருவம் மாறினால் தாங்குகிற பயிர்கள் சிலதான். மக்காச்சோளம், சூரியகாந்தி, கோதுமை கோடையிலும் இலையுதிர்காலத்திலும் நிற்கும், காபி வசந்தத்திலும் கோடையிலும். மற்றவை பெரும்பாலும் 28-உடன் சரி. ஸ்ட்ராபெர்ரியில் மாட்டுபவர்கள் அதிகம். வசந்தம் 13-ஆம் தேதி முட்டைத் திருவிழாவில்தான் அந்த விதை வரும், ஒன்று 100 ஜி. அன்றிரவே வீடு திரும்பி நட்டால் 21, 25 என இரண்டு அறுவடை. வாங்கிப் பெட்டியில் வைத்திருந்து அடுத்த வசந்தம் முதல் நாள் நட்டால் ஐந்து. முதல் வருடம் கையில் காசு இறுக்கமாக இருக்கும்போது இரண்டு அறுவடையே போதும் என்பது என் எண்ணம். ஆனால் திருவிழா கழிந்து நாலு நாள் சோம்பி 17-இல் நட்டால் ஒன்றே ஒன்றுதான் கிடைக்கும். பக்கத்துக் கடையில் 20-க்கு வாங்குகிற பார்ஸ்னிப் விதையே பரவாயில்லை என்றாகிவிடும்.

தங்கத்தைப் பீப்பாயில் போடுவது

தங்கத் தரம் வந்துவிட்டது, சரி. அதைக் கொண்டுபோய் ஒயின் பீப்பாயில் போடுகிறார்கள். பீப்பாய் உள்ளே போவதன் தரத்தைப் பார்ப்பதில்லை. பழத்தின் அடிப்படை விலையில் மூன்று மடங்கு, அவ்வளவே. ஜாம் ஜாடியும் அப்படித்தான்: அடிப்படை விலை இரு மடங்கு, அதோடு 50. ஸ்டார்ஃப்ரூட் 750 விலை, தங்கமானால் 1,125. ஒயின் ஆனால் எதைப் போட்டாலும் 2,250. எல்லாப் பழத்துக்கும் பீப்பாய் இருந்தால் பிரச்சினை இல்லை. ஆரம்பத்தில் யாருக்கும் அது இருப்பதில்லை. அதனால் சாதாரணத்தை முதலில் பீப்பாயில் போடுங்கள், தங்கத்தை விற்பனைப் பெட்டியில் போடுங்கள். விதை எடுக்கும் இயந்திரத்துக்கும் இதே விதிதான். நல்ல காயிலிருந்து நல்ல விதை என்பது நம் ஊர் வழக்கம், இங்கே செல்லாது.

இவ்வளவு சொன்ன பிறகும் பார்ஸ்னிப்புக்கு உரம் போட ஒரே ஒரு நியாயம் இருக்கிறது. ஊர்ச் சமூகக் கூடத்தில், கேட்கிற பொருட்களைக் கொடுத்து நிரப்ப வேண்டிய தொகுப்புகள் உண்டு. அங்கே சமையலறை அலமாரியில் தரமான பயிர்களுக்கென ஒரு தொகுப்பு. பார்ஸ்னிப், முலாம்பழம், பூசணி, மக்காச்சோளம் நான்கில் ஏதேனும் மூன்று, ஒவ்வொன்றிலும் தங்கத் தரத்தில் ஐந்து. அலமாரித் தொகுப்புகள் எல்லாம் நிறைந்தால் பசுமைக்குடில் கிடைக்கும், அதற்குள் பருவம் என்பதே இல்லை. இதற்குக் கடை உரம் தேவையில்லை. லெவல் 1-இலேயே மரப்பிசின் இரண்டை வைத்து அடிப்படை உரம் நாமே செய்துகொள்ளலாம். லெவல் 3-இல் அதைப் போட்டு நட்டால் தங்கம் நூற்றுக்குப் பதினைந்து. ஐந்து வேண்டுமானால் முப்பத்தைந்து வரை நட வேண்டிவரும். முளை விடுவதற்கு முன்பே உரம் மண்ணில் இருக்க வேண்டும்.

பையனிடம் இதைத்தான் சொல்லி அனுப்பினேன். மரம் வெட்டிப் பிசின் சேர்த்து, உரம் செய்து, முப்பத்தைந்து கட்டத்திலும் பொறுமையாகப் போட்டிருக்கிறான். நேற்று இரவு போன்.

"மாமா, காக்கா நாலு பார்ஸ்னிப்பைத் தின்னுடுச்சு. போன தடவை வரவே இல்லையே?"

"பொம்மை வெச்சியா?"

"எதுக்கு? போன தடவை வைக்கலையே."

போன தடவை அவன் நட்டது பதினைந்து. பதினாறு பயிர் ஆகும்வரை இந்த ஊர்க் காக்கை வயல் பக்கமே எட்டிப் பார்க்காது.