பருப்பு–பாஸ்தா சூப்: எதை எப்போது சேர்ப்பது?

பருப்பும் பாஸ்தாவும் சேர்ந்த சூப்பில் பொருள்களைச் சேர்க்கும் வரிசை தவறினால் எவ்வளவு நல்ல பொருள்களும் வீணாகிவிடும். நான்கு பேருக்குத் தோல் நீக்காத முழு மைசூர்ப் பருப்பு 200 கிராம் போதும். ஆலிவ் எண்ணெயில் பொடியாக நறுக்கிய வெங்காயம், கேரட், செலரி, பூண்டு ஆகியவற்றைக் கருகாமல் 10 நிமிடம் நிதானமாக வதக்கி, கழுவிய பருப்பையும் ஒன்றரை லிட்டர் தண்ணீரையும் ஒரு பிரிஞ்சி இலையையும் சேர்த்து, மிதமான தீயில் 25 முதல் 30 நிமிடம் வேகவிடவும். தக்காளியின் புளிப்பு பருப்பை எளிதில் வேகவிடாது என்பதால், பருப்பு மென்மையான பிறகே தக்காளி விழுதைச் சேர்க்க வேண்டும். பிறகு இரண்டு கரண்டிப் பருப்பை எடுத்து மசித்துத் திரும்பக் கலந்தால், க்ரீம் இல்லாமலேயே சூப் கெட்டியாகும்.

சிறிய வகைப் பாஸ்தா 150 கிராமைக் கடைசியில் இட்டு, உறையில் குறிப்பிட்ட நேரத்துக்கு ஒரு நிமிடம் முன்பே அடுப்பை அணைத்துவிடலாம். மீதி அந்தச் சூட்டிலேயே வெந்துவிடும். மறுநாளைக்கும் எடுத்துவைப்பதாக இருந்தால், பாஸ்தாவைத் தனியே வேகவைத்துப் பரிமாறும்போது சேர்ப்பது நல்லது. இல்லையெனில் அது இரவெல்லாம் நீரை உறிஞ்சிக் கூழாகிவிடும். அந்தக் கூழையே விரும்பிச் சாப்பிடுவோரும் உண்டு என்பது வேறு விஷயம்.