ஈ.எஸ்.ஐ. சார்ந்தோர் உதவித்தொகை: விண்ணப்பிப்பதும் பங்கு பிரிவதும்

பணியிட விபத்திலோ தொழில் சார்ந்த நோயாலோ ஒருவர் இறந்துவிட்டால், அவர் ஈ.எஸ்.ஐ. எனப்படும் தொழிலாளர் அரசுக் காப்பீட்டுத் திட்டத்தில் காப்பீடு பெற்றவரா என்பதைத்தான் குடும்பத்தார் முதலில் உறுதிசெய்துகொள்ள வேண்டும். மாதச் சம்பளம் 21,000 ரூபாய்க்கு மேற்படாத தொழிலாளர்களே பொதுவாக இத்திட்டத்தின்கீழ் வருகிறார்கள்; சம்பளச் சீட்டில் ஈ.எஸ்.ஐ. பிடித்தம் இருக்கிறதா என்று பார்த்தாலே தெரிந்துவிடும். காப்பீடு இருந்தால், பணம் முதலாளியிடமிருந்து மொத்தத் தொகையாக வராது. இத்திட்டத்தை நடத்தும் ஈ.எஸ்.ஐ. கழகத்திடமிருந்து, சார்ந்தோர் உதவித்தொகையாக மாதந்தோறும் வரும். இரண்டையும் சேர்த்துப் பெறச் சட்டம் இடம் தருவதில்லை. வேலைக்குச் சேர்ந்த முதல் நாளே விபத்து நேர்ந்திருந்தாலும் இந்த உரிமை உண்டு. முதலாளி பதிவு செய்யாமலோ சந்தா கட்டாமலோ இருந்திருந்தாலும், குடும்பத்துக்குக் கொடுத்துவிட்டு அவரிடம் வசூலித்துக்கொள்ளக் கழகத்துக்கு அதிகாரம் இருப்பதால், "பெயர் பதிவாகவில்லை" என்ற பதிலைக் கேட்டுத் திரும்பிவிட வேண்டாம்.

அடுத்து, நிறுவனம் விபத்து அறிக்கையை ஈ.எஸ்.ஐ. கிளை அலுவலகத்துக்கு அனுப்பிவிட்டதா என்று கேட்டு, அதன் நகலை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். வேலைக்குப் போகும்போதோ வேலை முடிந்து திரும்பும்போதோ வழியில் நேர்ந்த விபத்தும், வேலையோடு அதற்குள்ள தொடர்பு நிறுவப்பட்டால், பணிக்காயமாகவே கருதப்படும் என்பதால், நேரமும் இடமும் அறிக்கையில் சரியாகப் பதிவாகியிருப்பது மிக முக்கியம்.

பிறகு இறப்புச் சான்றிதழ், பிரேதப் பரிசோதனை அறிக்கை, முதல் தகவல் அறிக்கை, வட்டாட்சியர் அலுவலக வாரிசுச் சான்றிதழ், பிள்ளைகளின் வயதுச் சான்று, வங்கிக் கணக்குப் புத்தகம் ஆகியவற்றுடன் கிளை அலுவலகத்தில் விண்ணப்பிக்க வேண்டும். ஈமச்சடங்குச் செலவுக்கு 15,000 ரூபாய் வரை தனியாகக் கேட்டுப் பெறலாம்.

இனி, பலரும் குழம்பும் பங்கீட்டுக்கு வருவோம். இறந்தவருடைய சராசரி தினக்கூலியில் 90 சதவீதமே முழு விகிதம். இதில் மனைவிக்கு ஐந்தில் மூன்று பங்கு. பிள்ளைகள் ஒவ்வொருவருக்கும் விதவைத் தாய்க்கும் ஐந்தில் இரண்டு பங்கு. கூட்டினால் முழு விகிதத்தைத் தாண்டுகிறதே என்று தோன்றும். அப்படித் தாண்டும்போது எல்லோருடைய பங்கும் அதே விகிதத்தில் குறைக்கப்படும். தினக்கூலி 600 ரூபாய் என்றால் முழு விகிதம் 540 ரூபாய். மனைவி, ஒரு மகன், ஒரு மகள், விதவைத் தாய் ஆகிய நால்வர் இருக்கும் வீட்டில் 3:2:2:2 என்று பிரித்து, நாளொன்றுக்கு மனைவிக்கு 180 ரூபாயும் மற்ற மூவருக்கும் தலா 120 ரூபாயும் கிடைக்கும். 30 நாள் மாதத்தில் மனைவியின் பங்கு 5,400 ரூபாய். மாமியாருக்கும் மருமகளுக்கும் மனக்கசப்பு இருக்கும் வீடுகளிலும் ஒருவருடைய பங்கை மற்றவர் வாங்கிக்கொள்ள முடியாது என்பது இந்த ஏற்பாட்டின் நல்ல அம்சம்.

மனைவிக்கு ஆயுள் முழுவதும் அல்லது மறுமணம் வரையிலும், மகனுக்கு 25 வயது வரையிலும், மகளுக்குத் திருமணம் வரையிலும் தொகை வரும். ஒருவருடைய உரிமை முடிந்ததும் அலுவலகத்துக்குத் தெரிவித்தால் பங்குகளைத் திருத்தியமைப்பார்கள். மேலே சொன்ன வீட்டில் பிள்ளைகள் இருவரும் விலகிய பிறகு மனைவிக்கு நாளொன்றுக்கு 324 ரூபாயும் தாய்க்கு 216 ரூபாயும் வரும்.