நீர்க்கோலியா, நல்ல பாம்பா? பார்த்து அறிவது எப்படி

குறைந்தது பத்தடி தள்ளி நின்று, போனில் பெரிதாக்கிப் படம் எடுங்கள். நிறத்தை நம்ப வேண்டாம். ஒரே இனத்திலேயே மாறும்.

குளத்திலும் வயலிலும் அதிகம் தென்படுவது நீர்க்கோலி. நஞ்சில்லாதது, ஆனால் முன்கோபி. உடலில் சதுரங்கக் கட்டம் போன்ற புள்ளிகள், ஒவ்வொரு செதிலின் நடுவிலும் மேடான கோடு. கண்ணுக்குக் கீழே ஒன்றும் பின்னே ஒன்றுமாக இரண்டு சாய்ந்த கருங்கோடுகள்: இதுதான் உறுதியான அடையாளம். மிரண்டால் கழுத்தைத் தட்டையாக்கும். அதை நல்ல பாம்பு எடுக்கும் படமென்று நினைத்தே பலர் அடித்துவிடுகிறார்கள்.

அதிகம் ஏமாறுவது கட்டுவிரியனிடம். அதன் மெல்லிய வெள்ளைக் கட்டுகள் வால் பக்கம் தெளிவாகவும் கழுத்தருகே மங்கியும் இருக்கும். நடுமுதுகில் பெரிய அறுகோணச் செதில் வரிசை ஓடும். நஞ்சற்ற ஓநாய்ப் பாம்பில் கட்டுகள் கழுத்திலேயே தொடங்கி வாலை நோக்கி மங்கும், அந்தச் செதில் வரிசை கிடையாது.

கண்ணாடி விரியனுக்கு முதுகில் மூன்று வரிசை நீள்வட்டச் சங்கிலி. குக்கர் போலச் சீறும். துடுப்பு போன்ற தட்டை வால் என்றால் கடற்பாம்பு, வலையில் சிக்கியிருந்தாலும் தொடாதீர்கள்.

செத்த பாம்பின் தலையையும் கையில் எடுக்கக் கூடாது, அனிச்சையாகக் கடிக்கும். கடி பட்டால் இனம் தேடி நிற்காமல், கட்டாமல், கீறாமல், கடிபட்ட கையையோ காலையோ அசைக்காமல் மருத்துவமனைக்குப் போங்கள்.