காட்டோரக் கல்வட்டத்தைப் பார்த்துப் பதிவு செய்வது எப்படி?

மானாவாரிக் காட்டின் ஓரத்தில், பாதி மண்ணுக்குள் புதைந்த பாறைகள் வட்டமாகக் கிடப்பதை நீங்கள் பார்த்திருக்கலாம். நடுவில் சின்னக் கற்கள் குவிந்து லேசாக மேடு தட்டியிருக்கும். இரும்புக்கால மக்கள் இறந்தவர்களுக்காக எழுப்பிய ஈமச்சின்னம் அது. அதைத் தோண்டாமல், ஒரு கல்லைக்கூட நகர்த்தாமல், எவ்வளவு தெரிந்துகொள்ளலாம் என்று காட்டத்தான் இந்தப் பதிவு. தேவையானவை 30 மீட்டர் டேப், நோட்டு, பென்சில், கைப்பேசி, தண்ணீர். அவ்வளவுதான்.

முதல் படி: வீட்டிலேயே தொடங்குங்கள்

இந்திய நில அளவைத் துறையின் 1:50,000 வரைபடத்தில் உங்கள் வட்டாரத்தைப் பாருங்கள். அதில் 1 செ.மீ. என்பது தரையில் 500 மீட்டர். பாறைக் குன்றின் அடிவாரம், ஓடை, உழவுக்கு ஆகாத சரளை நிலம் மூன்றும் கூடும் இடங்களைக் குறித்துக்கொள்ளுங்கள். ஈமச்சின்னங்கள் கூட்டமாக உள்ள ஈமக்காடுகளை இத்தகைய இடங்களில் அதிகம் காணலாம். விளைநிலத்தை வாழ்பவர்களுக்கு விட்டுவிட்டுப் பாறை நிலத்தை இறந்தவர்களுக்குக் கொடுத்தார்கள் என்று ஆய்வாளர்கள் சிலர் சொல்வார்கள். எனக்கும் அது பொருத்தமாகவே படுகிறது.

அப்புறம் ஆடு மேய்க்கும் பெரியவர்களிடம் கேளுங்கள். "தொல்லியல் சின்னம் இருக்கிறதா" என்று கேட்டால் யாருக்கும் புரியாது. ஊர்மக்கள் இவற்றுக்கு வைத்திருக்கும் பெயரைச் சொல்லி, "ஐயா, இந்தப் பக்கம் பாண்டவர் குழி, பாண்டவர் வீடு ஏதாவது இருக்கா?" என்று கேளுங்கள். புதுக்கோட்டைப் பக்கம் என்றால் 'குரங்குப்பட்டடை' என்று கேட்டுப் பாருங்கள். வரைபடத்தில் இல்லாத இடத்துக்கு அவர்களே கூட்டிக்கொண்டு போவார்கள்.

இரண்டாம் படி: இயற்கையா, மனிதர் வைத்ததா?

இயற்கைப் பாறை பெரும்பாலும் அடியில் உள்ள தாய்ப்பாறையோடு ஒட்டியிருக்கும். அளவும் தாறுமாறாக இருக்கும். கல்வட்டத்தில் கற்கள் ஏறத்தாழ ஒரே அளவில், நெருக்கமாக, ஒழுங்கான வளைவில் நிற்கும். விவசாயிகள் காட்டிலிருந்து பொறுக்கிப் போட்ட கல் என்றால் வரப்போரத்தில் குவியலாகக் கிடக்கும், வளையமாக இருக்காது. வட்டத்தின் நடுவே பலகைக் கல்லின் விளிம்பு தரைமட்டத்தில் கோடு போலத் தெரிந்தால், அடியில் கல்பதுக்கை, அதாவது மண்ணுக்குள் பலகைக் கற்களால் கட்டிய அறை, இருக்க வாய்ப்பு உண்டு. பலகைக் கற்களால் ஆன அறை தரைக்கு மேலேயே வீடு மாதிரி நின்றால் அது கல்திட்டை. கிருஷ்ணகிரி மாவட்டம் மல்லச்சந்திரத்தில் பாறை மேல் அப்படி வரிசையாக நிற்பவற்றைப் பார்க்கலாம். வாய்ப்புக் கிடைத்தால் தவறவிடாதீர்கள்.

கல் எந்த வகை என்றும் எழுதுங்கள். சிவகங்கை, புதுக்கோட்டைப் பக்கம் செம்புராங்கல்லால் ஆன வட்டங்கள் உண்டு. கொங்குப் பக்கம் கருங்கல். அக்கம்பக்கத்தில் என்ன கல் கிடைத்ததோ அதைக் கொண்டுதான் பெரும்பாலும் கட்டினார்கள். அருகில் இல்லாத கல்லாக இருந்தால், எங்கிருந்து சுமந்து வந்தார்கள் என்ற கேள்வி பிறக்கும்.

மூன்றாம் படி: அளவும் படமும்

வட்டத்தின் வெளி விளிம்பிலிருந்து வெளி விளிம்பு வரை, வடக்கு தெற்காக ஒரு தடவை, கிழக்கு மேற்காக ஒரு தடவை அளந்து எழுதுங்கள். கற்களை எண்ணி, வட்டத்தை நோட்டில் வரைந்துகொள்ளுங்கள். காணாமல் போன கல்லின் இடத்தையும் ஓவியத்தில் விட்டுக் காட்டுங்கள். பலகைக் கல்லில் 'இடுதுளை' எனப்படும் வட்டமான துளை இருந்தால் அது பார்க்கும் திசை முக்கியம். கைப்பேசித் திசைகாட்டியை நம்புவதென்றால் பைக்கிலிருந்து தள்ளி நின்று பாருங்கள். படத்தைக் காலையிலோ மாலையிலோ எடுங்கள். சாய்ந்த வெயிலில்தான் தாழ்ந்த மேட்டின் நிழல் தெரியும். படத்தில் ஒரு அளவுகோல் கட்டாயம் இருக்க வேண்டும்.

நான்காம் படி: கல்லுக்கு முதுகைக் காட்டி நில்லுங்கள்

எனக்கு மிகவும் பிடித்த படி இது. புதிதாக வருபவர்கள் கல்லையே பார்த்துவிட்டுத் திரும்பிவிடுகிறார்கள். வட்டத்தின் விளிம்பில் நின்று நான்கு திசையும் திரும்பிப் பாருங்கள். தண்ணீர் எங்கே? குன்று எங்கே? இந்த மக்கள் குடியிருந்த இடம் எதுவாக இருக்கும்? நீர்நிலைப் பக்கம் மெதுவாக நடந்து தரையைப் பாருங்கள். சாம்பல் பூத்த மண்ணும், நெருக்கமான பானை ஓடுகளும் சேர்ந்த மேடு இருந்தால் அது பழைய குடியிருப்பாக இருக்கலாம். உள்ளே கருப்பாகவும் வெளியே சிவப்பாகவும் உள்ள ஓடு தென்பட்டால் மனம் துள்ளும். பானையைக் கவிழ்த்துச் சுடும்போது உள்பக்கம் காற்றுப் படாமல் கருத்துவிடும், வெளிப்பக்கம் காற்றுப் பட்டுச் சிவக்கும். ஒரே சூளையில் வந்த இரண்டு நிறம் அது.

ஈரோடு மாவட்டத்துக் கொடுமணலை எடுத்துக்கொள்ளுங்கள். நொய்யலின் வடகரையில் குடியிருப்பு, அதை ஒட்டியே ஈமக்காடு. சென்னிமலைப் பக்கம் இரும்புக் கனிமம், படியூர்ப் பக்கம் பெரில் என்னும் மணிக்கல், பாலக்காட்டுக் கணவாய் வழியாக மேற்குக் கரைக்குப் போகும் பாதை. அகழாய்வில் அங்கே இரும்பு உருக்கிய உலைகளும் மணிகள் செய்த தடயங்களும் கிடைத்ததில் வியப்பே இல்லை. எழுத்து வந்த காலத்திலும் உயிரோடு இருந்த ஊர் அது. அந்த இடத்தில் அந்தத் தொழில் ஏன் என்ற கேள்விக்கு நிலமே விடை வைத்திருக்கிறது.

ஒன்றில் மட்டும் கவனம். பக்கத்தில் ஏரி இருப்பதால் அது கல்வட்டக் காலத்து ஏரி என்று எழுதிவிடாதீர்கள். அதைப் பின்னால் வந்தவர்கள் வெட்டியிருக்கலாம். ஓடையின் போக்கை நம்புங்கள், ஏரிக்கரையை அல்ல.

ஐந்தாம் படி: எதையும் எடுக்காதீர்கள்

நான் முதன்முதலில் போனபோது அழகான பானை ஓடு ஒன்றை எடுத்துப் பையில் போட்டு வந்தேன். சில மாதம் கழித்து எந்த வட்டத்தின் அருகே எடுத்தேன் என்பதே நினைவில்லை. இப்போது அது வெறும் ஓடு. இருந்த இடத்தில் விட்டிருந்தால் அது ஒரு சான்று. இன்றும் அதை நினைத்தால் வருத்தமாக இருக்கிறது. ஓடு கிடந்த நிலையிலேயே படம் எடுத்துவிட்டு நகருங்கள். உரிமம் இல்லாமல் தோண்டக் கூடாது. புதையல் கிடைத்தால் மாவட்ட ஆட்சியருக்குத் தெரிவிக்க வேண்டும் என்று 1878-ஆம் ஆண்டுச் சட்டமே சொல்கிறது.

ஆறாம் படி: சொல்ல வேண்டியவர்களுக்குச் சொல்லுங்கள்

ஊர், தாலுகா, சர்வே எண், அளவுகள், ஓவியம், படங்கள் எல்லாவற்றையும் ஒரே தாளில் சேர்த்துத் தமிழ்நாடு தொல்லியல் துறைக்கு அனுப்புங்கள். சமூக வலைத்தளத்தில் படம் போடலாம், துல்லியமான இடக்குறியீட்டைப் போடாதீர்கள். புதையல் தேடி இரவில் கடப்பாரையோடு வருபவர்கள் இருக்கிறார்கள். கல்குவாரியும் வீட்டுமனையும் இன்னும் வேகமாக விழுங்குகின்றன. அதனால் அடுத்த வருடம் அதே மாதம், அதே இடத்தில் நின்று அதே கோணத்தில் இன்னொரு படம் எடுங்கள். இரண்டையும் பக்கத்தில் வைத்து, எத்தனை கல் மிச்சம் என்று எண்ணி நோட்டில் தேதியோடு எழுதுங்கள்.