பாதியில் அறுந்த ஃபிளாக் கோப்புகளைச் சரிசெய்த விதம்

டர்பனில் லோட் ஷெட்டிங் (முறைவைத்த மின்வெட்டு) வந்தால் ரௌட்டரும் அணைந்துவிடும். இன்டர்நெட் ஆர்க்கைவ் என்ற இணையக் காப்பகத்திலிருந்து ஃபிளாக் (ஒலித்தரம் குறையாமல் சுருக்கும் வடிவம்) கோப்பாக இறங்கிக்கொண்டிருந்த நாகசுர இசைத்தட்டு பாதியில் நிற்கும். பிரௌசர் சில நேரம் அந்தப் பாதியையே முழுக் கோப்பாகக் காட்டிவிடும். பாட்டு ஓடும், கடைசிப் பகுதி இருக்காது.

பிரௌசரை விட்டு, கட்டளை வரியில் கோப்புகளை இறக்கும் டபிள்யூகெட் நிரலுக்கு மாறினேன். சின்ன 'சி' தேர்வு கொடுத்தால் விட்ட இடத்திலிருந்து தொடரும். இறங்கியதும் ஃபிளாக் நிரலின் 'டி' சோதனையை ஓட்டுங்கள். கோப்புக்குள் வழக்கமாக மூல ஒலியின் எம்டி5 (உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடும் அடையாள எண்) பதிந்திருக்கும்; ஒலியை விரித்து அதோடு ஒப்பிடும், அறுந்திருந்தால் உடனே சொல்லிவிடும்.

ஆர்க்கைவின் ஒவ்வொரு பதிவிலும் 'ஃபைல்ஸ்' என முடியும் எக்ஸ்எம்எல் பட்டியல் உண்டு. ஏற்றியவர் தந்த மூலம் எது, தளம் தானாக உருவாக்கியது எது என்று அதில் தெரியும். முழுக் கோப்பின் எம்டி5 எண்ணும் இருக்கும். பாடகர் பெயர், ராகம் போன்ற டேக் விவரங்களைத் திருத்துவதற்கு முன்பே, இறங்கிய கோப்பின் எண்ணை அதோடு ஒப்பிட்டுவிட வேண்டும். டேக் மாறினால் உள்ளே உள்ள ஒலியின் எண் மாறாது, முழுக் கோப்பின் எண் மாறிவிடும்.

இந்தச் சோதனைகள் போலி ஃபிளாக்கைப் பிடிக்காது. அதற்கு, ஒலியின் அலைவரிசைகளைப் படமாகக் காட்டும் ஸ்பெக் நிரலில் திறந்து பாருங்கள். நிமிடத்துக்கு 78 முறை சுற்றும் பழைய தட்டின் இரைச்சல் உயர் அலைவரிசை வரை பரவியிருக்கும். 16 கிலோஹெர்ட்ஸில் கத்தியால் வெட்டியதுபோல் நின்றால் பெரும்பாலும் எம்பி3-இலிருந்து மாற்றியது. அதைச் சேமிப்பது வட்டுக்குத்தான் வீண் பாரம்.

நல்ல கோப்பை இரண்டு வட்டுகளில் வையுங்கள், ஒன்று வேறு வீட்டில். எக்ஸ்எம்எல் பட்டியலும் கூடவே இருக்கட்டும்.