ராய் கிளார்க்கை எங்கிருந்து கேட்கத் தொடங்குவது?

என்னிடம் கிட்டார் கற்க வரும் பிள்ளைகள் அமெரிக்கக் கன்ட்ரி (கிராமியப் பாணி) இசைக் கலைஞர் ராய் கிளார்க்கைப் பற்றிக் கேட்டால், அவர் தொகுத்து வழங்கிய ‘ஹீ ஹா’ என்ற பாட்டும் காமெடியும் கலந்த தொலைக்காட்சி நிகழ்ச்சியை நான் முதலில் காட்டுவதில்லை. சோளக்கொல்லைக்குள்ளிருந்து தலையை நீட்டி ஜோக் சொல்கிற ஆளாக அவரை முதலில் பார்த்துவிட்டால், காமெடிக்காரர் என்று மனதில் பதிந்துவிடும். அப்புறம் வாசிப்பு காதில் ஏறாது.

முதலில் ‘யெஸ்டர்டே, வென் ஐ வாஸ் யங்’ கேளுங்கள். பிரெஞ்சுப் பாடகர் ஷார்ல் அஸ்னவூர் பாட்டின் ஆங்கில வடிவம். 1969இல் கிளார்க் பாடிப் புகழ்பெற்றது. இதில் கிட்டார் வித்தையைத் தேடாதீர்கள், குரலைக் கேளுங்கள். இளமையை வீணாக்கியவனின் வருத்தத்தை அழுது வடியாமல் பாடுகிறார். பேஸ்பால் வீரர் மிக்கி மேன்டில், தன் இறுதிச் சடங்கில் இதைப் பாட வேண்டும் என்று அவரிடம் கேட்டிருந்தார். 1995இல் கிளார்க் போய்ப் பாடினார்.

அடுத்தது ‘மலகேன்யா’. கியூபாவின் எர்னெஸ்டோ லெக்குவோனா பியானோவுக்காக எழுதியது. ‘தி ஆட் கப்பிள்’ என்ற தொலைக்காட்சி நகைச்சுவைத் தொடரில் 1975இல் விருந்தினராக நடித்தபோது கிளார்க் இதைக் கிட்டாரில் வாசித்தார். முதல் தடவை சும்மா பாருங்கள். மறுபடி பார்க்கும்போது வேகத்தைப் பாதியாகக் குறைத்து வலது கையை மட்டும் கவனியுங்கள். எல்லார் கண்ணும் இடது கை விரல்களின் பின்னால்தான் ஓடும். ஆனால் எங்கே ஓங்கி மீட்டுகிறார், எங்கே அடக்குகிறார் என்பதெல்லாம் வலது கையில் இருக்கிறது. வேகத்தைப் பழகுவதற்கு முன் இதைப் பழகுங்கள்.

சரி, இப்போது ‘ஹீ ஹா’ பார்க்கலாம். கிளார்க் 1933இல் வர்ஜீனியாவில் பிறந்தவர், பதின்ம வயதிலேயே தேசிய பேஞ்சோ (வட்ட உடல் கொண்ட தந்தி வாத்தியம்) போட்டியில் வென்றவர். 1960இல் பாடகி வாண்டா ஜாக்சனின் குழுவோடு லாஸ் வேகாஸில் வாசித்தார். 1969இல் சிபிஎஸ் தொலைக்காட்சி நிறுவனம் இந்த நிகழ்ச்சியைத் தொடங்கியபோது அவர் நன்றாகத் தேறிய மேடைக் கலைஞர். 1971இல் சிபிஎஸ் கைவிட்டது. தயாரிப்பாளர்கள் உள்ளூர் நிலையங்களுக்கு நேரடியாக விற்றார்கள். இன்னும் இருபது ஆண்டுகளுக்கு மேல் ஓடியது. நாஷ்வில்லில் ஆண்டுக்கு இரண்டு முறை மொத்தமாகப் படம்பிடித்து, துண்டுகளை ஒட்டி வாராவாரம் தந்தார்கள். அதனால் மற்ற மாதங்களில் அவரால் கச்சேரிக்குப் போக முடிந்தது. 1976இல் சோவியத் ஒன்றியத்துக்கே போனார்.

‘ஹீ ஹா’வை அவரோடு சேர்ந்து தொகுத்து வழங்கிய பாடகர் பக் ஓவன்ஸ் கிட்டாரோடும் கிளார்க் பேஞ்சோவோடும் நிற்கும் பகுதிகளைத் தேடிப் பிடியுங்கள். கொஞ்சம் வாசிப்பு, ஒரு ஜோக், மறுபடி வாசிப்பு. காலால் தாளம் போட்டுக்கொண்டே பாருங்கள். ஜோக்கின் கடைசிச் சொல்லும் அடுத்த மீட்டலும் எவ்வளவு கச்சிதமாக வந்து விழுகின்றன! காமெடியையும் சங்கீதத்தையும் அவர் ஒரே காதால் கேட்டவர் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

கன்ட்ரி இசையே பிடிக்காது என்பவர்கள், ப்ளூஸ் (அமெரிக்கக் கறுப்பின மக்களின் இசை வகை) கலைஞர் கிளாரன்ஸ் ‘கேட்மவுத்’ பிரவுனோடு அவர் 1979இல் வெளியிட்ட ‘மேக்கின் மியூசிக்’ இசைத்தட்டிலிருந்து தொடங்கலாம். ப்ளூஸ் கேட்டுப் பழகிய காதுக்கு அதுதான் சுலபமான வழி.